மூன்று முறை கேட்பது

பள்ளிவாசலில் நிக்காஹ் முடிந்து மாப்பிள்ளை ஷாதி மஹாலுக்கு வந்த பிறகுதான் ஆம்பூர்க் கல்யாணங்களில் கண்ணாடி வெளியே வரும். இதை ஜல்வா என்கிறார்கள். மணமக்களை ஒரே சோபாவில் பக்கத்தில் பக்கத்தில் உட்கார வைத்து, இருவர் தலைக்கும் மேலாகப் பெண்கள் ஒரு சிவப்புத் துப்பட்டாவை விரித்துப் பிடிப்பார்கள். மடிமேல் முதலில் குர்ஆன், அடுத்து கண்ணாடி. மாப்பிள்ளை பெண்ணின் முகத்தை முதன்முதலில் அதில்தான் பார்க்க வேண்டும் என்பது முறை. இருவரும் ஆறு மாதமாக வீடியோவில் பேசிக்கொண்டிருந்தவர்கள்தான். ஆனாலும் கண்ணாடியை வைக்கும்போது சுற்றி நிற்கும் சிறுமிகள் சத்தத்தை அடக்கிக்கொள்கிறார்கள்.

ஏன் கண்ணாடி என்று ஒரு பெரியம்மாவிடம் கேட்டேன். "நேருக்கு நேரா பாக்கச் சொன்னா பொண்ணு தலையைக் குனிஞ்சுடும் தம்பி. கண்ணாடின்னா குனிஞ்சுகிட்டே பாக்கலாம்" என்றார். இதைவிட நல்ல விளக்கத்தை நான் எங்கும் படித்ததில்லை.

ஈரானில் கண்ணாடி மடியில் இருக்காது. தரையில் விரித்த துணியின் தலைமாட்டில், இரண்டு மெழுகுவர்த்தித் தண்டுகளுக்கு நடுவே நிமிர்ந்து நிற்கும். அந்த விரிப்புக்குப் பெயர் ஸோஃப்ரே அக்த், ஒப்பந்தத்தின் விரிப்பு. பெண் முகத்திரையோடு வந்து மாப்பிள்ளை பக்கத்தில் உட்கார்ந்து திரையை விலக்குவாள். அவன் திரும்பிப் பார்க்காமல் எதிரிலுள்ள கண்ணாடியில் பார்ப்பான். கண்ணாடியும் விளக்குத் தண்டுகளும் மாப்பிள்ளை வீட்டார் வாங்கித் தரவேண்டியவை. நிக்காஹ் வாசகத்திலேயே மஹரோடு, அதாவது மாப்பிள்ளை பெண்ணுக்குத் தரும் கொடையோடு, சேர்த்து "ஒரு குர்ஆன், ஒரு கண்ணாடி, ஒரு ஜோடி விளக்குத் தண்டு" என்று வாசிப்பது அங்கே வழக்கம்.

எனக்குத் தெரிந்த ஆம்பூர்க் குடும்பம் ஒன்றுக்கு ஈரானியப் பெண் மருமகளாக வருகிறாள். பையன் ஷூ கம்பெனி வேலைக்காக ஐரோப்பா போனவன். பெண் வீட்டின் சடங்குகளில் எவற்றை இங்கே வைப்பது, எப்படி வைப்பது என்று அவன் அம்மா கேட்டார். இந்தக் குறிப்புகளை அவருக்காக எழுதத் தொடங்கினேன். எழுத எழுத, அவர் கேட்டதில் பாதி அவர் வீட்டிலேயே இருந்தது தெரிந்தது.

*

பாரசீகம் ஆம்பூர் இருக்கும் இந்தப் பாலாற்றுக் கரைக்கு எப்படி வந்தது? படையோடும் பத்திரங்களோடும் வந்தது. 1698இல் செஞ்சி முகலாயர் கைக்குப் போனது. பிறகு ஆற்காடு, நவாபுகளின் ஊரானது. கணக்கு, கடிதம், கவிதை, வரலாறு எல்லாம் பாரசீக மொழியில் எழுதப்பட்டன. 1749 ஆகஸ்ட் 3 அன்று நவாப் அன்வருத்தீன் கான் ஆம்பூர்ப் போரில் மாண்டார். அவர் மகன் முகம்மது அலி வாலாஜாவின் காலத்து வரலாற்றை புர்ஹான் என்பவர் பாரசீகத்தில் எழுதினார். அதைப் பிற்பாடு சென்னைப் பல்கலைக்கழகத்துக்காக ஆங்கிலத்தில் பெயர்த்தவர் முகம்மது உசைன் நயினார்.

என் மனம் நிற்பது வேறொரு பெயரில். வேலூரில் பிறந்த முகம்மது பாகர் ஆகாஹ், 1745இலிருந்து 1806 வரை வாழ்ந்தவர். அரபியிலும் பாரசீகத்திலும் புலமை பெற்றவர், ஆற்காட்டு அரசவையோடு தொடர்புள்ளவர். அப்படிப்பட்டவர் மார்க்க நூல்களைத் தக்கினி உருதுவில் எழுதினார். பெண்களுக்கும் அரபி, பாரசீகம் படிக்காத எளியவர்களுக்கும் புரிய வேண்டும் என்று காரணம் சொல்லித்தான் எழுதினார். படித்தவர் சபையில் மதிப்புப் பெற்ற மொழியை விட்டு அடுப்படியில் பேசும் மொழிக்கு இறங்கி வந்த மனிதர். அவருக்கு இந்த வட்டாரத்தில் ஒரு நல்ல நினைவிடமாவது இருக்க வேண்டும் என்று எனக்கு ஆசை.

பாரசீகப் புத்தகங்கள் ஆண்களோடு இருந்தன. மதரசாக்களில் ஷேக் ஸஅதியின் குலிஸ்தானைப் படித்த தலைமுறை முடிந்ததும் அவை அலமாரிக்குப் போயின. இன்று வாணியம்பாடியிலும் பேரணாம்பட்டிலும் ஒரு பக்கம் பாரசீகம் வாசிக்கக்கூடியவரைத் தேடித்தான் பிடிக்க வேண்டும். கண்ணாடியும் துப்பட்டாவும் பெண்களோடு இருந்தன. அவை இன்னும் வெளியே வருகின்றன.

இந்த ஊர்களின் தோல் வியாபாரத்திலும் பாரசீகத்தின் பெயர் உண்டு. ஆவாரம்பட்டையில் பதனிட்டு மதராஸிலிருந்து கப்பலேறிய செம்மறித் தோலை இங்கிலாந்துச் சந்தையில் "பெர்ஷியன்" என்றே அழைத்தார்கள். புத்தகம் கட்டுபவர்கள் அந்தப் பெயர் சொல்லித்தான் வாங்கினார்கள். பாரசீகத்துக்கும் அந்த ஆட்டுக்கும் ஒரு சம்பந்தமும் இல்லை.

*

வேலூரில் நடந்த கல்யாணங்களில் வரலாற்றுப் புத்தகத்தில் இடம்பெற்றது ஒன்றுதான். 1806 ஜூலை 9, கோட்டைக்குள், திப்பு சுல்தானின் மகள் ஒருத்திக்கு.

1799இல் ஸ்ரீரங்கப்பட்டணம் வீழ்ந்த பிறகு திப்புவின் பிள்ளைகளையும் அந்தப்புரப் பெண்களையும் கிழக்கிந்தியக் கம்பெனி வேலூர்க் கோட்டையில் வைத்திருந்தது. திப்புவின் அரசவை மொழி பாரசீகம். திப்பு தான் கண்ட கனவுகளைக் கைப்பட எழுதி வைத்த குறிப்பேடுகூட பாரசீகத்தில்தான் இருக்கிறது. தகப்பனில்லாத பெண்ணுக்குச் சிறைக்கோட்டையில் கல்யாணம். வெளியே சிப்பாய்கள் வேறொரு கோபத்தில் இருந்தார்கள். நெற்றிக் குறி கூடாது, தாடி கூடாது, காதணி கூடாது என்று உத்தரவு. தலையில் தோல் பட்டம் செருகிய புதுத் தொப்பி. இந்துவுக்கும் முஸ்லிமுக்கும் ஒருசேர மனம் புண்பட்டது அந்தத் தோல் துண்டால்தான். கல்யாணக் கூட்டத்தைச் சாக்காக வைத்துச் சிப்பாய்கள் கோட்டைக்குள் திரண்டார்கள். ஜூலை 10 விடியும் முன் துப்பாக்கிகள் வெடித்தன. ஆற்காட்டிலிருந்து ஆங்கிலேய அதிகாரி கில்லெஸ்பி குதிரைப்படையோடு வந்து அன்று பகலுக்குள் எல்லாவற்றையும் அடக்கினார். இருபுறமும் நூற்றுக்கணக்கில் செத்தார்கள். திப்புவின் பிள்ளைகளைக் கல்கத்தாவுக்கு அனுப்பிவிட்டார்கள்.

பள்ளிக்கூடப் பாடத்தில் அந்தக் கல்யாணம் ஒரு சாக்காக மட்டுமே வருகிறது. நான் அதைக் கல்யாணமாக நினைத்துப் பார்க்க முயல்கிறேன். முதல் நாள் மாலை அந்தப் பெண்ணின் கையில் மருதாணி சிவந்திருக்கும். விடிந்தபோது முற்றத்தில் பிணங்கள்.

அதே மதிலுக்குள்தான் ஜலகண்டேஸ்வரர் கோயிலின் கல்யாண மண்டபம் இருக்கிறது. யாளிகளும் குதிரைகளும் பாயும் தூண்களுடன், சாமிக்குக் கல்யாணம் செய்து வைப்பதற்கென்றே விஜயநகர காலத்தார் கட்டியது. கம்பெனி காலத்தில் கோயில் ஆயுதக் கிடங்கானது. பெருமான் மீண்டும் உள்ளே வந்தது 1981இல். கோட்டைக்குள் ஒரு பள்ளிவாசலும் ஒரு தேவாலயமும் உண்டு. வெளியூர் நண்பர்களுக்குக் கோட்டையைச் சுற்றிக் காட்டுகிறவர்கள் மூன்றும் ஒரே வளாகத்தில் இருப்பதைப் பெருமையாகச் சொல்வார்கள். பெருமைதான். ஆனால் பல மதத்தார் ஒரே மதிலுக்குள் இருப்பது வேறு, ஒருவர் கல்யாணத்தில் இன்னொருவர் உட்கார்ந்து சாப்பிடுவது வேறு. இரண்டாவது, கோட்டைக்கு வெளியே, தோல் ஷாப்பும் ஷூ கம்பெனியும் உள்ள ஊர்களில் தினப்படி நடக்கிறது. முதலாளி வீட்டு நிக்காஹ்வுக்குத் தையல் பிரிவுப் பெண்கள் பொட்டும் பூவுமாக வருகிறார்கள். மாதனூர்ப் பக்கம் அவர்கள் வீட்டுக் கல்யாணத்துக்கு சூப்பர்வைசர் பாய் போய் மொய் எழுதிவிட்டு வருகிறார்.

*

அந்த ஈரானிய விரிப்பின் மேல் என்னென்ன வைப்பார்கள் என்று மாப்பிள்ளையின் அம்மா கேட்டார். சொன்னேன். கண்ணாடி, விளக்குத் தண்டுகள். குர்ஆன், சில வீடுகளில் கூடவே ஹாஃபிஸின் கவிதைத் தொகுப்பு, ஜொராஷ்டிரியர் என்றால் அவெஸ்தா. ஒரு கிண்ணம் தேன். ரோஜா நீர். முட்டை, வாதுமை, அக்ரூட். மேலே எழுத்து அலங்காரம் செய்த பெரிய தட்டை ரொட்டி. பெரிய பெரிய கற்கண்டு. கங்கில் போட்டுக் கண்ணேறு கழிக்கும் எஸ்ஃபந்த் விதை. ஏழு நிறங்களில் பொருள்களை வரிவரியாக அடுக்கிய ஒரு தட்டு: கசகசா, அரிசி, உப்பு, கருஞ்சீரகம், தேயிலை, குந்திரிக்கம், அங்கே விளையும் ஒரு மூலிகை.

"மூலிகை தவிர மத்ததெல்லாம் நம்ம மளிகைக் கடையிலேயே கிடைக்குமே" என்றார் அம்மா. கிடைக்கும். ஆனால் இப்போது நகரங்களில் இந்த விரிப்பை வாடகைக்குத் தருகிறார்கள். தங்க நிறக் கண்ணாடி, பிளாஸ்டிக் பூ, எல்லாம் ஒரு வண்டியில் வந்து இறங்கும், போட்டோ எடுத்ததும் திரும்பிப் போகும். எனக்கு அது பிடிக்கவில்லை. அந்த முட்டையை மறுநாள் யாரும் பொரித்துச் சாப்பிடப் போவதில்லை. வீட்டில் உள்ளதை வைத்தால் போதும். ரொட்டிக்குப் பதில் ஒரு படி சீரகச் சம்பா வைக்கலாம் என்றேன். விருந்தாளிக்கு நாம் சோறாகக் கொடுப்பது அதுதானே. ரொட்டி அங்கே சொல்வதும் அதைத்தான்: இந்த வீட்டில் உணவு குறையாதிருக்க வேண்டும்.

சோறு என்றதும் ஒன்று. ஈரானியக் கல்யாணத்தில் ஜவாஹிர் போலோ என்று ஒரு சோறு உண்டு. குங்குமப்பூ, பிஸ்தா, ஆரஞ்சுத் தோல் சீவல், புளிப்பான சின்னச் சிவப்புப் பழம் எல்லாம் போட்டுப் பார்க்கவே நகைப்பெட்டி. ஆம்பூர் பிரியாணியில் அப்படி ஒன்றும் மினுங்காது. காய்ந்த மிளகாய் விழுது, தயிர், கறி, சீரகச் சம்பா, தேக்சா மூடிமேல் கங்கு, தொட்டுக்கொள்ள கத்திரிக்காய். இரண்டுமே தம்மில் வேகிற சோறு. ஒன்றில் மட்டும் நேர் எதிர். ஈரானியர் பாத்திரத்தின் அடியில் பொன்னிறமாகப் பிடித்த சோற்றைப் பெயர்த்தெடுத்து, முதல் மரியாதையாக விருந்தாளிக்கு வைப்பார்கள். அதற்காகவே திட்டமிட்டு அடிபிடிக்க வைப்பார்கள். இங்கே அடிபிடித்தால் சமையல் மாஸ்டர் அன்று யார் முகத்திலும் விழிக்க மாட்டார். இரண்டு சோறும் ஒரே பந்தியில் தனித்தனியாக இருக்கட்டும் என்றேன். கலந்து புதிதாக ஒன்று செய்ய வேண்டாம்.

*

இனி எனக்கு மனம் கனக்கும் இடத்துக்கு வருகிறேன்.

ஈரானியச் சடங்கில் மணமக்களின் தலைக்கு மேல் வெள்ளைப் பட்டுத் துணியைப் பெண்கள் பிடிப்பார்கள். அதன் மேல் இரண்டு கூம்புச் சர்க்கரைக் கட்டிகளை ஒன்றோடொன்று உரசுவார்கள். துகள் துணியில் உதிரும். இனிப்பு மணமக்கள் மேல் பொழியட்டும் என்று வேண்டுதல். ஒருவர் மாற்றி ஒருவர் வந்து உரசுவார்கள். மிக அழகான காட்சி. ஆனால் உரச வருகிறவள் கணவனோடு நன்றாக வாழ்கிறவளாக இருக்க வேண்டும். விதவை வரக்கூடாது, விவாகரத்தானவள் வரக்கூடாது.

நமக்கு இது புதிதா? சுமங்கலி கையால்தான் நலங்கு வைக்க வேண்டும் என்பது தமிழ் வீட்டு வழக்கம். ஆம்பூரில் மஞ்சள் பூசும் நாளில் முதலில் கூப்பிடுவது கணவன் உள்ள பெண்களைத்தான். மதம் வேறானாலும் நாடு வேறானாலும் அந்த ஒரு விலக்கு மட்டும் மாறாமல் நிற்கிறது. இஸ்லாத்தில் இதற்கு ஆதாரம் எதுவும் இல்லை. நபிகள் முதலில் மணந்த கதீஜா அம்மையார் ஏற்கெனவே கணவனை இழந்தவர். அது எல்லோருக்கும் தெரிந்திருந்தும் மஞ்சள் கிண்ணம் வரும்போது விதவையான அத்தை எழுந்து அடுப்படிக்குப் போய்விடுகிறாள். யாரும் போகச் சொல்லவில்லை. அவளே போய்விடுகிறாள். அதுதான் எனக்குத் தாங்கவில்லை.

இந்தத் தோல் ஊர்களில் கணவன் போன பிறகு ஷூ கம்பெனிக்கு வேலைக்குப் போய்ப் பிள்ளைகளைக் கரையேற்றிய பெண்கள் தெருவுக்குத் தெரு இருக்கிறார்கள். மேல்தோலைத் தைத்துத் தைத்து விரல் காய்த்துப்போன கைகள் அவர்களுடையவை. சர்க்கரைக் கட்டியை உரசுவதற்கு அந்தக் கைகளைவிட உரிமையுள்ளவை எனக்குத் தெரியவில்லை. ஒரு சடங்கைத் தூரத்திலிருந்து கொண்டுவந்து நம் மணமேடையில் புதிதாகச் சேர்க்கும்போது நமக்கு ஒரு வாய்ப்புக் கிடைக்கிறது. அந்தச் சடங்குக்கு இந்த ஊரில் இன்னும் பழக்கம் ஏற்படவில்லை. யார் வரலாம், யார் வரக்கூடாது என்று இங்கே யாரும் பாட்டி காலத்துச் சாட்சி சொல்ல முடியாது. ஆகவே முதல் நாளிலிருந்தே சரியாகத் தொடங்கலாம். மாப்பிள்ளையின் விதவை அத்தையே முதல் சர்க்கரையை உரசட்டும் என்று அம்மாவிடம் சொன்னேன். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். பிறகு, "அவ ஒத்துக்கணுமே" என்றார். உண்மை. அவள் ஒத்துக்கொள்ள வேண்டும் என்றால் மற்ற எல்லோரும் நின்று கூப்பிட வேண்டும்.

விரிப்பில் ஊசியும் ஏழு நிற நூலும் வைத்து, மாமியாரின் நாக்கைத் தைப்பதாகப் பாவனை செய்யும் வழக்கமும் சிலர் வீட்டில் உண்டு. அதை விட்டுவிடலாம்.

*

தமிழ்க் கல்யாண வாசலில் பன்னீர்ச் செம்போடு ஒரு பெண் குழந்தை நிற்கும். பக்கத்தில் சந்தனக் கிண்ணம், கற்கண்டுத் தட்டு. எந்தச் சாதி, எந்த மதம் என்று பார்க்காமல் எல்லாக் கல்யாணத்திலும் இது உண்டு. ரோஜாவை வடித்து நீரெடுக்கும் கலை பாரசீகத்தின் ஃபார்ஸ் பகுதியில் ஓங்கி வளர்ந்தது. ஆயிரம் ஆண்டுக்கு முன்பே அங்கிருந்து ரோஜா நீர் இந்தியாவரை ஏற்றுமதியானது. இன்றும் வசந்த காலத்தில் காஷானுக்குப் பக்கத்தில் கம்சர் என்ற ஊரில் ரோஜா வடிக்கிறார்கள். நம் வாசலில் தெளிக்கிற பன்னீரை நாம் வந்தவர் பொருளாக நினைப்பதில்லை. நினைக்க வேண்டியதும் இல்லை.

*

பாரசீகத் திருமணத்தோடு வெகு முன்பே இந்தியாவுக்குள் வந்த கூட்டம் பார்சிகள். குஜராத்தின் சஞ்சான் கரையில் அவர்கள் இறங்கிய கதையைச் சொல்லும் கிஸ்ஸா-இ-சஞ்சான் 1600ஐ ஒட்டிப் பாரசீகத்தில் எழுதப்பட்ட செய்யுள். உள்ளூர் ராஜா சில நிபந்தனைகள் போட்டானாம்: எங்கள் மொழி பேச வேண்டும், உங்கள் பெண்கள் எங்கள் பெண்களைப் போல உடுத்த வேண்டும், ஆயுதம் கூடாது, கல்யாணத்தை மாலை வேளையில்தான் நடத்த வேண்டும். அகதியாக வந்தவனுடைய கல்யாண நேரத்தைக்கூட ராஜா தீர்மானிக்கிறான் என்று படிக்கும்போது கொஞ்சம் வலிக்கிறது. அவர்கள் ஒப்புக்கொண்டார்கள். பெண்கள் புடவை கட்டினார்கள். தேங்காய், வெற்றிலை, அரிசி எல்லாம் அவர்கள் கல்யாணத்துக்குள் வந்தன. ஆசீர்வாதத்தைச் சமஸ்கிருதத்திலும் சொல்லும் வழக்கம் உண்டாயிற்று.

விட்டுக்கொடுக்காதது எது என்று பாருங்கள். அந்த ஆசீர்வாதத்தில் இன்றும் நிஷாபூர் நாணயத்தின் பேரால் வாக்குறுதி வருகிறது: இரண்டாயிரம் வெள்ளி திர்ஹம், இரண்டு தங்க தினார். நிஷாபூர் ஈரானின் வடகிழக்கில் இருக்கிறது. அந்த நாணயம் புழக்கத்தை விட்டுப் போய் எத்தனையோ நூற்றாண்டு. அடுத்தது, குரு முதலில் இருதரப்புச் சாட்சிகளிடம் கேட்கிறார், பிறகு மணமக்களிடமே கேட்கிறார். பஸந்தே கர்தம் என்று பதில் சொல்கிறார்கள். ஏற்றுக்கொண்டேன் என்று பொருள். மொழி, உடை, நேரம் எல்லாவற்றையும் கொடுத்துவிட்டு, கேட்பதையும் பதில் சொல்வதையும் கைவிடாமல் வைத்துக்கொண்டார்கள். சென்னை ராயபுரத்தில் 1910இல் கட்டிய பார்சி அக்கினிக் கோயில் இருக்கிறது. தமிழ்நாட்டில் அந்தச் சமூகத்தினர் மிகச் சிலரே.

*

மஹர் பற்றி அம்மா கேட்கவில்லை. அவர் வீட்டுக்காரர் கேட்டார்.

ஈரானில் மஹரைத் தங்க நாணயமாகச் சொல்வது இன்றைய வழக்கம். பதினான்கு நாணயம் என்று அடக்கமாக எழுதுகிறவர்களும் உண்டு. பிறந்த ஆண்டின் எண்ணிக்கைக்கு, ஆயிரத்துக்கு மேல் எழுதுகிறவர்களும் உண்டு. எழுதிவிட்டுக் கொடுக்க முடியாமல் கணவன்மார்கள் சிறைக்குப் போனார்கள். 2013இல் வந்த குடும்பப் பாதுகாப்புச் சட்டம், சிறை வைத்து வசூலிப்பதற்கு 110 நாணயம் என்று வரம்பு போட்டது. நம் பக்கம் சிக்கல் வேறு. இங்கே மஹர் சில ஆயிரங்களில் நின்றுவிடுகிறது, எதிர்த் திசையில் நகையும் சாமானும் ரொக்கமும் ஓடுகின்றன. 1961 வரதட்சணைத் தடைச் சட்டம் மஹரைத் தன் வரையறைக்கு வெளியே வைத்தது, ஏனென்றால் அது பெண்ணுக்குப் போகிற பணம். பெண்ணுக்குப் போக வேண்டிய பணம் எது, பெண் வீட்டிலிருந்து பிடுங்கும் பணம் எது என்று சட்டத்துக்குத் தெளிவாகத் தெரிகிறது. தமிழ்நாட்டு ஜமாஅத்துகளில் பல வரதட்சணைக் கல்யாணத்துக்குப் பதிவேட்டைத் தரமாட்டோம் என்று நிற்கின்றன. அவர்களை மனதார வணங்குகிறேன்.

வீட்டுக்காரரிடம் ஒன்றுதான் சொன்னேன்: கொடுக்க முடிந்த தொகையை எழுதுங்கள், எழுதியதை அன்றே கொடுத்துவிடுங்கள்.

*

இவை எல்லாவற்றிலும் ஒன்றே ஒன்றைத்தான் எடுத்துக்கொள்ள முடியும் என்றால் எதை எடுப்பீர்கள்? எனக்குச் சந்தேகமே இல்லை.

ஈரானியக் கல்யாணத்தில் நிக்காஹ் நடத்துபவர், சபை முழுக்கக் கேட்க, பெண்ணிடம் சம்மதம் கேட்கிறார். அவள் பேசுவதில்லை. சுற்றியிருக்கும் பெண்கள், "மணமகள் பூப்பறிக்கப் போயிருக்கிறாள்" என்கிறார்கள். மறுபடி கேட்கிறார். "ரோஜா நீர் கொண்டுவரப் போயிருக்கிறாள்" என்கிறார்கள். மாப்பிள்ளை வீட்டார் அவளைப் பேச வைக்க ஒரு நகையைக் கொடுக்கிறார்கள். மூன்றாவது முறை கேட்ட பிறகுதான், தாய் தந்தை அனுமதியோடு, பெரியவர்கள் அனுமதியோடு, ஆம் என்கிறாள். உடனே கைதட்டலும் குலவையும். மூன்று முறை கேட்கும் வரை எல்லோரும் காத்திருக்கிறார்கள். மாப்பிள்ளையும் காத்திருக்கிறான். வேடிக்கைபோல நடந்தாலும் அந்தக் காத்திருப்பில் அவளுக்கு ஒரு இடம் இருக்கிறது: இல்லை என்று சொல்வதற்கான இடம்.

இங்கேயும் கேட்கிறார்கள். வக்கீல் என்று ஒருவர், இரண்டு சாட்சிகளோடு பெண் இருக்கும் அறைக்குப் போகிறார். இன்னாருடைய மகன் இன்னாருக்கு, இவ்வளவு மஹருக்கு, சம்மதமா என்று கேட்கிறார். பெரும்பாலும் மூன்று முறை. இந்த வட்டாரத்து முஸ்லிம்கள் பெரும்பாலோர் ஹனஃபிகள். அந்த வழியில் வயது வந்த பெண்ணின் சம்மதம் இல்லாமல் நிக்காஹ் இல்லை. வெட்கத்தில் மௌனமாக இருந்தால் அதையும் சம்மதமாகக் கொள்ளலாம் என்று சட்ட நூல்கள் இடம் கொடுக்கின்றன. அந்த இடத்தை நாம் பெரிதாக்கிவிட்டோம். பக்கத்தில் இருக்கும் சித்தி, "சொல்லிட்டா சொல்லிட்டா" என்று முந்திக்கொள்கிறாள். பெண் கையெழுத்துப் போடுகிறாள். பள்ளிவாசலில் ஐந்நூறு பேர் மாப்பிள்ளையின் "கபூல்" (ஏற்றுக்கொண்டேன்) என்ற குரலை மைக்கில் கேட்கிறார்கள். பெண்ணின் குரலை நாலு பேர் கேட்கிறார்கள், அதுவும் சில நேரம் கேட்பதில்லை.

இது முஸ்லிம் வீட்டுக் குறை மட்டும் அல்ல. தாலி கட்டும் கல்யாணத்தில் பெண்ணை மேடையில் யாரும் கேட்பதே இல்லை. கெட்டிமேளத்தில் அவள் முகத்தைப் பார்த்து நாமே முடிவு செய்துகொள்கிறோம். ஆற்காடு மிஷன் 1853இல் வந்து ஊன்றிய தேவாலயங்களில் பெண் வாய்விட்டுச் சொல்ல வேண்டும், சபை கேட்கும். 1967இல் அண்ணா ஆட்சியில் வந்த இந்துத் திருமணத் திருத்தச் சட்டம் சுயமரியாதைத் திருமணத்துக்கு மரியாதை தந்தது. புரோகிதரும் வேண்டாம், சமஸ்கிருதமும் வேண்டாம். இருவருக்கும் புரிகிற மொழியில், இவரை ஏற்கிறேன் என்று ஒருவரையொருவர் பார்த்துச் சொன்னால் அது கல்யாணம் என்றது. தமிழ்நாட்டுக்கு அதைவிடச் சிறந்த கல்யாணச் சட்டம் வந்ததாக நான் நினைக்கவில்லை. குடியாத்தத்திலும் திருப்பத்தூரிலும் அப்படி மணந்த பழைய தம்பதியர் இருக்கிறார்கள்.

அந்த அம்மாவிடம் கடைசியாகச் சொன்னதை இதைப் படிக்கும் உங்களிடமும் சொல்கிறேன். கண்ணாடி உங்கள் வீட்டிலேயே இருக்கிறது. பன்னீரும் இருக்கிறது. சர்க்கரையை உரச அத்தையைக் கூப்பிடுங்கள். நிக்காஹ் நேரத்தில் வக்கீல் உள்ளே போகும்போது ஒரு மைக்கையும் கூட அனுப்புங்கள். பெண்ணுக்குப் புரிகிற மொழியில், பாரசீகமோ உருதுவோ தமிழோ, மூன்று முறை கேளுங்கள். சித்தியைச் சும்மா இருக்கச் சொல்லுங்கள். அவள் சொல்லும் வரை சபை காத்திருக்கட்டும்.

உங்கள் வீட்டில் ஈரானிய மருமகள் வராவிட்டாலும் இதைச் செய்யலாம்.